துணிக்குச் சித்திரம் எழுதியவர் திரை ராணி ஆனார்! தேவிகாராணியின் வாழ்க்கை

காஞ்சிபுரம் பட்டு தறிக்கு வருவதற்கு முன்பே ஒரு வேலை நடந்து முடிந்துவிடுகிறது. கட்டம் போட்ட காகிதத்தில் ஒருவர் மயிலும் மாங்காயும் எழுதுகிறார். உடலுக்கு என்ன நிறம், கரைக்கு என்ன நிறம், முந்தானையில் ஜரிகை எவ்வளவு என்பது முடிவாகிறது. கல்யாணப் பந்தலில் சேலையைப் பார்த்து வியப்பவர்கள் அந்தக் காகிதத்தைப் பார்ப்பதே இல்லை.

சினிமாவிலும் இப்படி ஒரு வேலை உண்டு. ராஜாவின் அரண்மனை எப்படி இருக்க வேண்டும்? ஏழையின் குடிசைச் சுவரில் எங்கே விரிசல் விழ வேண்டும்? கதாநாயகியின் உடைக்குப் பின்னால் என்ன நிறத் திரை தொங்க வேண்டும்? இவற்றை எல்லாம் தீர்மானிப்பவர் கலை டைரக்டர். படம் பார்ப்பவர்களுக்கு அவருடைய முகம் தெரியாது.

இந்திய சினிமா ஊமையாக இருந்த காலத்தில், ஒரு பெண் இந்த வேலையைச் செய்ய வந்தார். பிறகு நடிகை ஆனார். அதன் பிறகு, நாட்டின் மிகப் பெரிய படக் கம்பெனிகளில் ஒன்றைத் தாமே நிர்வகித்தார்.

அவர்தான் தேவிகாராணி.

வால்டேரில் பிறந்தார்

தேவிகாராணி 1908-ம் ஆண்டு மார்ச் மாதம் 30-ந் தேதி, விசாகப்பட்டினத்தை அடுத்த வால்டேரில் பிறந்தார். அப்போது வால்டேரும் சென்னை மாகாணத்தில்தான் இருந்தது. காஞ்சிபுரமும் அதே மாகாணத்து ஊர்தான்.

பெற்றோர் வங்காளிகள். தகப்பனார் கர்னல் மன்மதநாத் சவுத்ரி பெரிய டாக்டர். சென்னை மாகாணத்தின் சர்ஜன் ஜெனரல் பதவியில் அமர்ந்த முதல் இந்தியர் அவர். தாயார் பெயர் லீலா. மகாகவி ரவீந்திரநாத் தாகூரின் குடும்பத்துக்கு இவர்கள் நெருங்கிய உறவினர்கள். தகப்பனாருடன் பிறந்தவர்களில் ஒருவர் கல்கத்தா ஐகோர்ட்டு நீதிபதி.

செல்வத்துக்குக் குறைவில்லை. கல்விக்கும் குறைவில்லை. மகளை ஒன்பது வயதிலேயே சீமைக்கு அனுப்பினார்கள். அங்கே விடுதியில் தங்கிப் படித்தார், சிறுமி தேவிகா.

அந்த நாளில் நம் நாட்டில் நாடகத்தில் நடிக்கும் பெண்ணைக் கண்டால் ஊரார் முகம் சுளிப்பார்கள். சினிமா என்றால் இன்னும் மோசம். நல்ல குடும்பத்துப் பெண்கள் நடிக்க வரமாட்டார்கள் என்பதால், ஆண்களே பெண் வேடம் போட்டார்கள். 1913-ல் தாதாசாகேப் பால்கே எடுத்த 'ராஜா அரிச்சந்திரா' படத்தில், சந்திரமதியாக நடித்தவர் சாளுங்கே என்ற ஆண்பிள்ளை!

இப்படிப்பட்ட காலத்தில், சர்ஜன் ஜெனரலின் மகள் சினிமாவுக்குப் போவார் என்று யார் நினைத்திருப்பார்கள்?

துணியும் வண்ணமும்

பள்ளிப் படிப்பு முடிந்ததும் தேவிகாராணி லண்டனிலேயே நடிப்புக் கலையும் சங்கீதமும் கற்றார். அதோடு நிற்கவில்லை. கட்டிடக் கலை படித்தார். வீட்டின் உள்ளே எதை எங்கே வைத்தால் அழகு என்னும் அலங்காரக் கலையைப் படித்தார். துணிகளுக்குச் சித்திரம் எழுதும் கலையையும் படித்தார்.

இந்தத் துணி வேலைதான் அவருக்குப் பிழைப்பைக் கொடுத்தது. லண்டனில் துணிகளுக்கு டிசைன் போடும் வேலை அவருக்குக் கிடைத்தது. 20 வயதுகூட நிரம்பாத இந்தியப் பெண், சீமையில் தம் கையால் சம்பாதித்தார்.

துணிக்குச் சித்திரம் எழுதுவது எளிய காரியம் அல்ல. காகிதத்தில் அழகாக இருக்கும் பூ, துணியில் நெய்தால் அழகாக இருக்கும் என்று சொல்ல முடியாது. துணியை மடித்தால் எப்படித் தெரியும், உடுத்தி நடந்தால் எப்படித் தெரியும், விளக்கு வெளிச்சத்தில் நிறம் என்ன ஆகும் என்று முன்கூட்டியே கண்ணுக்குள் பார்க்க வேண்டும். காஞ்சிபுரத்துத் தறிக்காரர்களுக்கு இது புதிதல்ல. கோர்வைச் சேலையில் உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இரண்டும் சேர்ந்துதான் ஒரு சேலை. ஒன்று மற்றொன்றை அமுக்கிவிடக் கூடாது.

இதே கண்தான் சினிமாவுக்கும் தேவை. அந்தக் கண் தேவிகாராணிக்கு வாய்த்திருந்தது.

பாரிஸ்டர் எடுத்த படங்கள்

1928-ம் ஆண்டு. லண்டனில் இமான்சு ராய் என்ற வங்காளியைத் தேவிகாராணி சந்தித்தார். இமான்சு ராய் பாரிஸ்டர் பரீட்சைக்குப் படிக்கச் சீமை சென்றவர். ஆனால் அவருடைய மனம் கோர்ட்டில் இல்லை. நாடகத்திலும் சினிமாவிலும் இருந்தது.

1925-ல் ஜெர்மானியர்களுடன் கூட்டுச் சேர்ந்து, புத்தர் பெருமானின் வாழ்க்கையைப் படமாக்கினார். அதில் புத்தராக நடித்தவரும் அவரே. பிறகு தாஜ்மகால் கதையை 'சிராஸ்' என்ற பெயரில் எடுத்தார். படங்களை டைரக்ட் செய்தவர் பிரான்ஸ் ஆஸ்டன் என்ற ஜெர்மானியர். இந்திய மண்ணில் எடுத்த இந்தப் படங்கள் ஐரோப்பாவில் ஓடின.

அந்தப் படங்களுக்குக் காட்சி அமைத்தவர் சாரு ராய். கல்கத்தாவில் நாடக மேடைக்குத் திரை எழுதிய ஓவியர். காட்சி அமைத்ததோடு அவர் வேடமும் போட்டார். 'சிராஸ்' படத்தில் பிற்காலத்தில் ஷாஜகான் சக்கரவர்த்தி ஆகும் இளவரசர் குர்ரமாக நடித்தார். 

இமான்சு ராய் அடுத்த படத்துக்கு ஏற்பாடு செய்துகொண்டிருந்தார். பெயர், 'பிரபஞ்ச பாசம்'. மகாபாரதச் சூதாட்டத்தை நினைவூட்டும் கதை. இரண்டு ராஜாக்கள், ஒரு பெண், இடையில் பகடைக்காய். இந்தப் படத்துக்கு உடை அலங்காரத்திலும் காட்சி அமைப்பிலும் உதவி செய்ய வரும்படி தேவிகாராணியை அழைத்தார்.

தேவிகாராணி வேலைக்குச் சேர்ந்தார். படத்தின் பெரும் பகுதி ராஜஸ்தானத்தில் எடுக்கப்பட்டது. உண்மையான அரண்மனைகள், யானைகள், ஆயிரக்கணக்கான ஆட்கள். எல்லோருக்கும் உடை வேண்டும். வண்ணம் இல்லாத படம் என்பதால், சிவப்பும் பச்சையும் திரையில் ஒன்றுபோல் சாம்பலாகத் தெரியும். ஆகவே பளபளப்பையும் மங்கலையும், கனத்த துணியையும் மெல்லிய துணியையும் வைத்தே ராஜாவையும் காவல்காரனையும் வேறுபடுத்திக் காட்ட வேண்டும். துணியை அறிந்தவருக்கு மட்டுமே இது கைவரும்.

சாரு ராய் ஒரு ராஜாவாகவும், இமான்சு ராய் மற்றொரு ராஜாவாகவும் நடித்தார்கள். 1929-ல் படம் வெளிவந்தது. அந்தப் படம் அழிந்துவிடவில்லை. லண்டனில் பாதுகாத்து வைத்து, 2006-ல் புதுப்பித்தார்கள்.

அதே 1929-ல் இமான்சு ராயும் தேவிகாராணியும் திருமணம் செய்துகொண்டார்கள். மணமகன், மணமகளைவிட 16 வயது மூத்தவர்.

பெர்லினில் பாடம்

தம்பதிகள் ஜெர்மனிக்குப் போனார்கள். பெர்லின் அருகே இருந்த 'ஊபா' ஸ்டூடியோ அப்போது உலகப் புகழ் பெற்றது. அங்கே தேவிகாராணி பயிற்சி பெற்றார். உடை, முகப்பூச்சு, காட்சி அமைப்பு, நடிப்பு எல்லாவற்றையும் அருகில் இருந்து கற்றார். வந்த வேலை எதுவானாலும் அதைச் சிறிதென்று எண்ணவில்லை.

அதற்குள் சினிமா பேசத் தொடங்கிவிட்டது. 1931-ல் பம்பாயில், அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி 'ஆலம் ஆரா'வை வெளியிட்டது. அதே கம்பெனி அதே ஆண்டில் 'காளிதாஸ்' படத்தை எடுத்தது. அதில் டி. பி. ராஜலட்சுமி தமிழில் பேசிப் பாடினார்.

இமான்சு ராயும் பேசும் படம் எடுக்க முடிவு செய்தார். 1933-ல் 'கர்மா' லண்டனில் வெளியாயிற்று. ஆங்கிலத்தில் ஒரு படம். ஹிந்தியில் ஒரு படம். கதாநாயகன் இமான்சு ராய், கதாநாயகி தேவிகாராணி. அதுவரை துணிக்கும் திரைக்கும் பின்னால் இருந்தவர், முதல் முறையாக முன்னால் வந்தார்.

லண்டன் பத்திரிகைகள் அவருடைய அழகையும் ஆங்கில உச்சரிப்பையும் புகழ்ந்தன. ஆனால் இந்தியாவில் படம் ஓடவில்லை. அதில் கணவன் மனைவி இருவரும் நடித்த நீண்ட முத்தக் காட்சியைப் பற்றித்தான் பிற்காலத்தில் பேச்சு! அந்தப் படத்துக்கு அவர் பட்ட பாட்டைப் பற்றிப் பேசுவார் இல்லை.

பம்பாய் டாக்கீஸ்

ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். இனி அங்கே இருந்து பயன் இல்லை. தம்பதிகள் தாய்நாடு திரும்பினார்கள். 1934-ல் பம்பாயை அடுத்த மலாடில் 'பம்பாய் டாக்கீஸ்' பிறந்தது.

அது மற்றப் படக் கம்பெனிகளைப்போல் இல்லை. பங்குகள் விற்று, முறையாகப் பதிவு செய்து நடத்தப்பட்ட கம்பெனி. ஜெர்மனியில் இருந்து டைரக்டர் ஆஸ்டனும், காமிராக்காரர் ஜோசப் விர்ஷிங்கும், காட்சி அமைப்பாளரும் வந்தார்கள். நடிகர்களுக்கும் தொழிலாளர்களுக்கும் மாதச் சம்பளம். படித்த இளைஞர்களை வேலைக்கு எடுத்தார்கள். சாதி வித்தியாசம் பாராமல் எல்லோரும் ஒரே இடத்தில் சாப்பிட்டார்கள்.

இசை அமைத்தவர் சரஸ்வதிதேவி. இவர் பார்சிப் பெண். இவருடைய உண்மைப் பெயர் குர்ஷித் ஹோம்ஜி. பார்சிப் பெண் சினிமாவில் வேலை செய்வதா என்று அந்தச் சமூகத்தில் பெரிய எதிர்ப்புக் கிளம்பியது. கம்பெனி பின்வாங்கவில்லை. புதுப் பெயர் வைத்து அவரைக் காப்பாற்றியது.

1935-ல் முதல் படம் 'ஜவானி கீ ஹவா' வந்தது. ஓடும் ரெயிலில் நடக்கும் மர்மக் கதை. கதாநாயகி தேவிகாராணி, கதாநாயகன் நஜ்முல் ஹசன்.

ஒரு புயல்

அடுத்த படம் 'ஜீவன் நையா'. பாதி எடுத்த நிலையில் கம்பெனியைப் புயல் தாக்கியது. தேவிகாராணி, கதாநாயகன் நஜ்முல் ஹசனுடன் கல்கத்தாவுக்குப் போய்விட்டார்!

கம்பெனி ஆட்டம் கண்டது. கடன் வாங்கி எடுத்த படம் பாதியில் நின்றது. சசதர் முகர்ஜி என்ற இளைஞர் அங்கே ஒலிப்பதிவுப் பகுதியில் வேலை பார்த்தார். அவர் நடுவில் நின்று சமாதானம் பேசினார். தேவிகாராணி திரும்பி வந்தார். கணவரும் ஏற்றுக்கொண்டார். நஜ்முல் ஹசனுக்குக் கம்பெனியில் இடம் இல்லாமல் போயிற்று.

அந்த வீட்டில் முன்பிருந்த நிம்மதி திரும்பவில்லை என்று சொல்வார்கள். ஆனால் வேலை நிற்கவில்லை. முன்பைவிட அதிகமாக உழைத்தார் தேவிகாராணி.

இப்போது கதாநாயகனுக்கு எங்கே போவது? சசதர் முகர்ஜியின் மைத்துனர் ஒருவர் கம்பெனியின் லேபரட்டரியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். அவரைப் பிடித்து வேடம் போட்டார்கள். அவர்தான் அசோக் குமார். பின்னாளில் ஹிந்திப் பட உலகில் அவர் பெற்ற புகழை நாடு அறியும்.

தீண்டாமைக்கு எதிராக ஒரு படம்

அதே 1936-ல் வந்தது 'அச்சுத் கன்யா'. அசோக் குமார் பிராமணப் பையன். தேவிகாராணி, ரெயில்வே கேட் காவல்காரரின் மகள் கஸ்தூரி. தாழ்த்தப்பட்ட குலத்துப் பெண். சிறு வயது முதல் ஒன்றாக வளர்ந்த இருவரையும் சாதி பிரிக்கிறது. கடைசியில், தன்னால் ஏற்பட்ட சண்டையைத் தடுக்கவும், வரும் ரெயிலை நிறுத்தவும் ஓடி, அந்த ரெயிலிலேயே அடிபட்டு உயிர் விடுகிறாள் கஸ்தூரி.

இந்தக் கதைக்கு அன்று எவ்வளவு துணிச்சல் தேவை என்பதைக் கோயில் ஊர்க்காரர்கள் நன்றாக உணர முடியும். திருவாங்கூரில் எல்லோருக்கும் கோயில் கதவு திறந்தது 1936 நவம்பரில்தான். மதுரை மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் ஹரிஜனங்கள் நுழைந்தது 1939-ல். சென்னை மாகாணம் முழுமைக்கும் ஆலயப் பிரவேசச் சட்டம் வந்தது 1947-ல். கோபுர வாசலில் தடை இருந்த நாளிலேயே, அந்தப் பெண்ணின் துயரத்தை எல்லோரும் டிக்கெட் வாங்கிப் பார்த்து அழும்படி செய்தது அந்தப் படம். ஜவாஹர்லால் நேருவும் சரோஜினி நாயுடுவும் அதைப் பார்த்துப் பாராட்டினார்கள்.

குறையும் இருந்தது. வில்லாக வளைத்த புருவத்துடன், சீமையில் வளர்ந்த பெண் கிராமத்துக் கஸ்தூரியாக வந்தது பொருந்தவில்லை என்றவர்கள் உண்டு. கதையில் சாதியை எதிர்த்தாலும் முடிவில் அந்தப் பெண்ணைத்தானே பலி கொடுத்தார்கள் என்று கேட்டவர்களும் உண்டு. இரண்டும் நியாயமான பேச்சுத்தான். ஆனால் அந்த வேடத்தை ஏற்றவர், தாகூர் குடும்பத்து உறவினர். சர்ஜன் ஜெனரலின் மகள். அதை நாடு மறக்கவில்லை. படித்த குடும்பங்கள் சினிமாக் கொட்டகைக்குத் தயக்கம் இல்லாமல் வரத் தொடங்கியதற்கு பம்பாய் டாக்கீஸ் படங்கள் ஒரு பெரிய காரணம்.

பிறகு 'ஜன்ம பூமி', 'சாவித்திரி', 'நிர்மலா', 'துர்கா' என்று படங்கள் தொடர்ந்தன. 10 ஆண்டுகளில் அவர் நடித்தவை சுமார் 15 படங்கள்தான்.

முதலாளி நாற்காலியில்

1939-ல் இரண்டாவது உலகப் போர் மூண்டது. பிரிட்டனின் எதிரி நாட்டவர் என்று ஜெர்மானியக் கலைஞர்களைப் போலீசார் காவலில் வைத்தார்கள். ஒரே நாளில் டைரக்டர் இல்லை, காமிராக்காரர் இல்லை. இமான்சு ராய் அந்த அடியில் நோயாளி ஆனார். 1940 மே மாதத்தில் காலமானார்.

அப்போது தேவிகாராணிக்கு வயது 32. குழந்தைகள் இல்லை. எதிரே இருந்தது கம்பெனி. அதை நம்பிய நூற்றுக்கணக்கான குடும்பங்கள்.

கணவரை இழந்த பெண் வீட்டுக்குள் முடங்கிக் கிடப்பதே முறை என்று கருதிய காலம் அது. தேவிகாராணி முதலாளி நாற்காலியில் அமர்ந்தார். துணி முதல் காட்சி வரை எல்லா வேலையும் தெரிந்தவர் என்பதால், யாரும் அவரை ஏமாற்ற முடியவில்லை.

1943-ல் வெளிவந்த 'கிஸ்மத்' கல்கத்தாவில் ஒரே கொட்டகையில் 3 ஆண்டுகளுக்கு மேல் ஓடியது! அந்தக் கதைதான் 1956-ல் ஜெமினி கணேசனும் சாவித்திரியும் நடித்த 'பிரேம பாசம்' என்று தமிழில் வந்தது.

வெற்றியோடு பிளவும் வந்தது. கம்பெனியில் இரண்டு கட்சிகள். முன்பு சமாதானம் பேசி வைத்த சசதர் முகர்ஜியும், அசோக் குமாரும், இன்னும் பலரும் விலகி, 'பிலிமிஸ்தான்' என்ற புதுக் கம்பெனியைத் தொடங்கினார்கள்.

தேவிகாராணி கலங்கவில்லை. புது முகங்களைத் தேடினார். பெஷாவர் பழ வியாபாரியின் மகன் யூசுப் கான் என்ற கூச்சம் மிகுந்த இளைஞரை வேலைக்கு எடுத்தார். பெயரையும் மாற்றினார். 1944-ல் 'ஜ்வார் பாட்டா' படத்தில் அறிமுகமான அவர்தான் திலீப் குமார்.

புகழை விட்டு விலகினார்

ஆனாலும் கணக்கும் வழக்கும் கட்சிப் பூசலும் அவரைச் சோர்வடையச் செய்தன. நல்ல படம் எடுக்க முடியாமல் வெறும் வியாபாரம் செய்ய அவர் விரும்பவில்லை. 1945-ல் தம் பங்குகளை விற்றார். சினிமாவை விட்டு விலகினார். வயது 37.

அதே ஆண்டு ஸ்வெதோஸ்லாவ் ரோரிக் என்ற ரஷ்ய ஓவியரை மணந்தார். பார்லிமெண்டு மண்டபத்தில் உள்ள நேருவின் ஓவியத்தை வரைந்தவர் இவரே. இவருடைய தகப்பனார் நிக்கோலஸ் ரோரிக்கும் பெரிய ஓவியர்; ஐரோப்பிய நாடக மேடைகளுக்குக் காட்சியும் உடையும் அமைத்தவர். துணிக்கும் திரைக்கும் சித்திரம் எழுதிய பெண், கடைசியில் சித்திரக்காரர்களின் குடும்பத்துக்கே மருமகள் ஆனார்.

இமயமலைச் சாரலில் குலு பள்ளத்தாக்கில் சில காலம் வாழ்ந்தார்கள். பிறகு பெங்களூரை அடுத்த தாதகுணியில் 400 ஏக்கருக்கு மேற்பட்ட தோட்டத்தில் குடியேறினார்கள். வாசனைத் தைலம் எடுக்கும் மரங்களை வளர்த்தார்கள். தேவிகாராணி மறுபடி வேடம் போடவில்லை. நடிகையாக இருந்தது சுமார் 10 ஆண்டு. அதை விட்ட பிறகு வாழ்ந்தது ஏறத்தாழ 50 ஆண்டு!

அரசாங்கம் அவரை மறக்கவில்லை. 1958-ல் 'பத்மஸ்ரீ' பட்டம் தந்தது. பால்கேயின் பெயரால் சினிமாவுக்கு மிக உயர்ந்த விருதை ஏற்படுத்தியபோது, 1969-ம் ஆண்டுக்கான முதல் விருது தேவிகாராணிக்கே கிடைத்தது. பால்கேயின் முதல் படத்தில் நடிக்க ஒரு பெண்கூட முன்வரவில்லை. அவர் பெயரால் அமைந்த முதல் விருதை வாங்கியவர் ஒரு பெண்!

1993 ஜனவரியில் கணவர் ரோரிக் காலமானார். மறு ஆண்டு, 1994 மார்ச் 9-ந் தேதி, பெங்களூரில் தேவிகாராணி மறைந்தார். அரசு மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடந்தது. வாரிசு இல்லாததால் தோட்டம் பற்றிய வழக்கு பல ஆண்டுகள் நடந்தது. 2011-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பின்படி அது கர்நாடக அரசின் வசம் உறுதியாயிற்று.

அதே 2011-ல், நாட்டின் புகழ் பெற்ற ஆறு நடிகைகளுக்குத் தபால் இலாகா தபால் தலை வெளியிட்டது. அவர்களில் ஒருவர் நடிகையர் திலகம் சாவித்திரி. இன்னொருவர் தேவிகாராணி. பெண்கள் வர அஞ்சிய தொழிலுக்கு, துணிச் சித்திரம் எழுதத் தெரிந்த ஒரு பெண் தம் இருபதாவது வயதில் துணிந்து வந்தார். அவருக்குப் பின் வந்தவர்களுக்கு அந்தக் கதவு அவ்வளவு கனமாக இல்லை.